கைநாட்டு வாங்காத எம்.எல்.ஏ.

அவர் என் டைப்ரைட்டிங் இன்ஸ்டிட்யூட்டின் மாடிப்படியை முதன்முதலாக ஏறி வந்தது 1957-இல், கோடை தொடங்கிய சமயம், ஒரு செவ்வாய்க்கிழமை. தேதியும் என்னிடம் இருக்கிறது. ஆனால் பெயர்களை விட்டுவிடுவது என்று முடிவு செய்தபிறகு தேதியை மட்டும் சொல்வதில் பொருளில்லை. தேதியைப் பிடித்துக்கொண்டு பெயரைக் கண்டுபிடித்துவிடுகிற ஆட்கள் திண்டிவனத்தில் உண்டு. நானே அப்படிப்பட்ட ஆள்தான். ஆகவே வருஷம், பருவம், கிழமை, அவ்வளவோடு நிறுத்திக்கொள்கிறேன்.

அப்போது அவர் சட்டசபை உறுப்பினராகிச் சில வாரங்களே ஆகியிருந்தன. எங்கள் தொகுதி இரட்டை உறுப்பினர் தொகுதி. ஒரு பொது இடம், ஒரு தனி இடம். தனி இடத்தில் ஜெயித்தவர் அவர். விழுப்புரம் ஜங்ஷனில் பல வருஷம் கேங்மேனாக வேலை பார்த்து, தொழிற்சங்கத்தில் பேசப் பழகி, பிறகு வேலையை விட்டுவிட்டுத் தன் ஜனங்களுக்காக ஆபீஸ் ஆபீஸாக ஏறி இறங்கிய மனிதர். தண்டவாளத்தில் ஆணி கழன்றிருக்கிறதா என்று பார்த்துப் பார்த்துப் பழகியதால் சாலையில் நடக்கும்போதும் தலை குனிந்தே இருக்கும். தெரியாதவர்கள் ரொம்ப அடக்கமான மனிதர் என்று நினைத்துக்கொள்வார்கள். பேச ஆரம்பித்ததும் அந்த எண்ணம் மாறிவிடும்.

அன்று வகுப்பில் ஸ்பீட் டெஸ்ட் நடந்துகொண்டிருந்தது. மெஷின்களின் சத்தம் அடங்கும்வரை வாசலிலேயே நின்றிருந்தார். எம்.எல்.ஏ. என்று தெரிந்தும் நான் நாற்காலி போடவில்லை. போடக்கூடாது என்று நினைத்துப் போடாமல் இருக்கவில்லை. போட வேண்டும் என்று தோன்றவில்லை. இரண்டுக்கும் அவ்வளவு வித்தியாசம் இல்லை என்பதை இப்போது ஒப்புக்கொள்கிறேன். அவரே ஒரு ஸ்டூலை இழுத்து உட்கார்ந்தார்.

"ஒரு மனு அடிக்கணும் மாஸ்டர்."

"யார் பேர்ல?"

"ஊர் பேர்ல. கீழ நெறைய எடம் வுடுங்க. கையெழுத்து போடணும்."

"கைநாட்டுக்கு அவ்வளோ இடம் வேணாமே."

"கைநாட்டு இல்லீங்க. கையெழுத்து."

அவர் சொன்ன ஊர் திண்டிவனத்திலிருந்து விழுப்புரம் போகும் சாலையில் இறங்கிக் கொஞ்ச தூரம் மேற்கே நடந்தால் வரும். அந்த ஊர்ச் சேரியில் எழுதத் தெரிந்தவர்களை ஒரு கைவிரல்களில் எண்ணிவிடலாம் என்பது எனக்குத் தெரியும். சிரித்துவிட்டேன். அவர் கோபித்துக்கொள்ளாமல் கதையைச் சொன்னார்.

சேரிக்கும் அதன் இடுகாட்டுக்கும் நடுவே நெல் வயல்கள். பாதை கிடையாது, வரப்புதான். வரப்பில் ஒருவர் பின் ஒருவராக நடக்கலாம். பாடையைத் தூக்கிக்கொண்டு நான்கு பேர் நடக்க முடியாது. கார்த்திகை மழையில் யாராவது இறந்துவிட்டால் தூக்குகிறவர்கள் வயலுக்குள் இறங்கியாக வேண்டும். இறங்கினால் பயிர் மிதிபடும், வயல்காரர் ஆட்களோடு வந்து நிற்பார். பிணத்தைச் சேற்றின் நடுவே வைத்துக்கொண்டு பேச்சுவார்த்தை நடக்கும். அவருடைய தகப்பனாரின் உடல் அப்படி அரை நாள் மழையில் நனைந்தபடி காத்திருந்தது. அவர் பிறந்த ஊர் அதுதான்.

எம்.எல்.ஏ. ஆவதற்கு முன்பே பாதை கேட்டு மனுப் போட்டிருந்தார். பதில் வந்தது: அந்த மக்களே பாதை தேவையில்லை என்று கைநாட்டு வைத்து எழுதிக் கொடுத்துவிட்டதால் மேல் நடவடிக்கை இல்லை. விசாரித்துப் பார்த்தால், யாரோ ஒருவர் சேரிக்கு வந்து பிள்ளைகளுக்குப் பால் பவுடர் வரப்போகிறது என்று சொல்லி மைப்பெட்டியைத் திறந்திருக்கிறார். எல்லோரும் வரிசையில் நின்று ரேகை வைத்திருக்கிறார்கள். அவருடைய அம்மாவும் அந்த வரிசையில் நின்றிருக்கிறார்.

"வெரலு யார் இழுத்தாலும் போவும் மாஸ்டர். பேரு எழுதத் தெரிஞ்சவன் மேல இன்னா எழுதிகீதுன்னு ஒரு தபா பாப்பான். எழுத்துக்கூட்டியாச்சும் பாப்பான். இனிமே நான் கைநாட்டு வச்ச மனுவ கையால தொடறதில்லன்னு சொல்லிட்டேன்."

அந்த மனுவை அடித்துக் கொடுத்தேன். கீழே இடம் விட்டேன். அந்த இடம் நிரம்ப ஒன்றரை வருஷம் ஆயிற்று.

மெட்ராஸில் சபை நடக்கும் நாட்கள் போக மீதி நாட்களில் சேரி சேரியாகப் போய் உட்கார்ந்துகொண்டார். எந்தச் சேரியிலிருந்து என்ன மனு வந்தாலும் ரேகை வைத்திருந்தால் திருப்பிக் கொடுத்துவிடுவார். "பேரு எழுதிக்கினு வா, மெட்ராசுக்கே கொண்டும்போறேன்." இதனால் அவருக்குக் கெட்ட பெயரும் வந்தது. ஏழைகளை அலையவைக்கிறார் என்று அவருடைய கட்சிக்காரர்களே சொன்னார்கள். நானும் சொன்னேன். அவர் அசையவில்லை.

பெயர்களை எழுதிப் பழக மாதிரித் தாள்கள் வேண்டும் என்று என்னிடம் கேட்டார். நான் தமிழ் மெஷினில் ஒவ்வொருவர் பெயரையும் தனித்தனித் தாளில் நடுவில் சுத்தமாக அடித்து வைத்திருந்தேன். என் மனைவி எடுத்துப் பார்த்தாள்.

"எறும்பு ஊர்ற மாதிரி அடிச்சி வச்சிருக்கீங்களே, இத பாத்து அவங்க எப்பிடி எழுதுவாங்க? பேர்களைச் சொல்லுங்க."

நீலப் பென்சிலால் தாளுக்கு ஒரு பெயராகப் பெரிய எழுத்தில் அவள் எழுதினாள். அதன் மேல் அவர்கள் எழுதி எழுதித் தாளே கிழிந்துபோகும், மறுபடி எழுதுவாள். என் சொந்தக்காரர்களுக்கு இது பிடிக்கவில்லை. வயல் வைத்திருந்தவர்கள் அவர்கள். "மாஸ்டர் வூட்ல சேரி ஸ்கூலு நடக்குது" என்று கல்யாண வீடுகளில் என் காதில் விழும்படி பேசினார்கள்.

ஒருமுறை நானும் அவரோடு அந்த ஊருக்குப் போனேன். 1958, மல்லாட்டை, அதாவது நிலக்கடலை, பிடுங்கும் சமயம். களத்தில் பெண்கள் செடியைக் குவித்துப்போட்டுக் காய் ஆய்ந்துகொண்டிருந்தார்கள். அவர் நடுவில் குந்திக்கொண்டு ஒரு குச்சியால் தரையில் எழுத்துப் போட்டுக் காட்டினார். வேலை நிற்கவில்லை, கை பாட்டுக்குக் காயை ஆய்ந்தது, கண் தரையைப் பார்த்தது.

அவருக்கு மாமன் முறையாகும் ஒரு கிழவர் கேட்டார்: "எம்மெல்லே ஆயிட்டியே, பெரிய வேல எதுனா செய்வேன்னு பாத்தா, வாத்தியாரா வந்து குந்திக்கினு கீறியே மாப்ள."

"மெட்ராசுல தெனம் பேசிக்கினுதான் கீறேன் மாமா. நீ மொதல்ல உன் பேர எழுது. நீ யாருன்னு அவங்களுக்குத் தெரியவேணாமா?"

"நான் யாருன்னு எனக்கே தெரியும், எழுதிப் பாத்தாத்தான் தெரியணுமா?"

எல்லோரும் சிரித்தார்கள். அவருக்கு அத்தை முறையான ஒரு பெண்மணி மட்டும் சிரிக்கவில்லை. ஐம்பது வயது இருக்கும். தரையில் எழுதிப் பார்த்துக்கொண்டே இருந்தார். அந்த ஊரிலேயே நீளமான பெயர் அவருடையது. அம்மன் பெயரும் குலசாமி பெயரும் சேர்த்து வைத்திருந்தார்கள்.

"எங்கப்பன் ரெண்டு எழுத்து கொறச்சி வச்சிருந்தா இந்நேரம் முடிச்சிருப்பேன்" என்றார். "எல்லாரும் எழுந்து போயிடறாங்க, நான் பாதியிலயே கீறேன்."

"பாதிப் பேர போடு அத்தே, போதும்."

"பாதிப் பேர எதுக்குப் போடறது? பூரா ஆளு நான் இங்க குந்திக்கினு கீறேன்."

அந்த அம்மாள் முழுப் பெயரையும் எழுதக் கற்றுக்கொள்ள ஒரு மழைக்காலம் முழுவதும் ஆயிற்று. கற்றுக்கொண்ட பிறகு ஒரு பென்சில் துண்டைச் சுருக்குப்பையில் வெற்றிலையோடு போட்டு வைத்துக்கொண்டார். அவரைப் பார்த்து மற்றவர்களும். அந்தச் சேரியில் பென்சில் துண்டு இல்லாத மடியே இல்லை என்ற நிலை வந்தது.

அந்த மனுவைக் கொடுத்த பிறகு சபையிலும் அவர் பாதையைப் பற்றிக் கேள்வி கேட்டார். அச்சடித்த வினா விடைத் தாளை என்னிடம் கொண்டுவந்து கொடுப்பார். நான் தேதி வாரியாகக் கோத்து வைப்பேன். ஒரு செவ்வாய்க்கிழமை வந்து சொன்னார்: "அரசின் கவனத்தில் இருக்குதாம் மாஸ்டர். அந்தக் கவனம் எந்த ரூம்புல கீது, நானே போயி எடுத்துக்கினு வர்றேன்னு சொன்னேன். எல்லாரும் சிரிச்சிட்டாங்க. அமைச்சரும் சிரிச்சாரு. பாதைதான் வரல."

செஞ்சிப் பக்கம் ஒரு கூட்டத்துக்குப் போய்விட்டு விழுப்புரம் வழியாகத் திரும்பும்போது ஒருநாள் மண்டகப்பட்டில் இறங்கினோம். குடைவரையைக் காட்டவேண்டும் என்று நான்தான் இறக்கினேன். செங்கல் இல்லாமல், மரம் இல்லாமல், உலோகம் இல்லாமல், சுதை இல்லாமல் இதைச் செய்தேன் என்று பல்லவ ராஜா தன் பட்டப்பெயரோடு கல்லில் வெட்டி வைத்திருப்பதை விளக்கினேன். நான் படித்த சரித்திரமெல்லாம் சேர்த்து அரை மணி நேரம் பேசியிருப்பேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "கல்லு ஒடச்சவன் பேரு எதுனா கீதா?" என்றார். இல்லை என்றேன். "அவனுக்கு எழுதத் தெரிஞ்சிருக்காது" என்றார். 

இப்போது 1962 தேர்தலுக்கு வருகிறேன். எழுதக் கஷ்டமான இடம் இதுதான். ஆகவே ஒழுங்காகச் சொல்லப் பார்க்கிறேன்.

முந்தைய தேர்தல்களில் வேட்பாளருக்கு ஒரு பெட்டி. சாவடியில் மறைவுக்குப் பின்னால் பெட்டிகள் வரிசையாக இருக்கும், மேலே சின்னம் ஒட்டியிருக்கும், பிடித்த பெட்டியில் சீட்டைப் போட்டுவிட்டு வரவேண்டியதுதான். 1962-இல் இது மாறியது. இரட்டைத் தொகுதியும் போய்விட்டது; எங்களுடையது ஒற்றைத் தனித் தொகுதியாயிற்று. சீட்டிலேயே எல்லாச் சின்னங்களும் அச்சாகியிருக்கும், வேண்டிய சின்னத்துக்கு நேராக ரப்பர் முத்திரை குத்தி மடித்து, எல்லோருக்கும் பொதுவான ஒரே பெட்டியில் போட வேண்டும்.

வேட்பாளர்களுக்கு இங்கிலீஷில் ஒரு விதிப் புத்தகம் கொடுத்தார்கள். அவருக்கு இங்கிலீஷ் அவ்வளவு ஓடாது. நான் முழுவதும் படித்தேன், அடிக்கோடு போட்டேன், வாக்காளருக்கு வேண்டிய விதிகளைத் தமிழில் எட்டு வரியாகச் சுருக்கினேன். நோட்டீஸ் நகல் எடுக்கும் ஸ்டென்சில் தாளில் ஏழாவது வரி வரை அடித்துவிட்டேன். எட்டாவது: சீட்டில் பெயரோ அடையாளமோ எதுவும் எழுதக்கூடாது, எழுதினால் செல்லாது.

ஸ்டென்சிலில் ஒரு வரிக்குத்தான் இடம் இருந்தது. அந்த வரியை நான் அடிக்கவில்லை. நம் ஜனங்கள் எங்கே எழுதப் போகிறார்கள் என்று நினைத்தேன். ஐந்து வருஷம் அவர்கள் எழுதிய தாள்களை என் மேஜையில் வைத்துக்கொண்டுதான் இப்படி நினைத்தேன். அந்த இடத்தில் நட்சத்திரக் குறிகளை வரிசையாக அடித்து நோட்டீஸுக்குக் கரை கட்டினேன். பார்க்க அழகாக இருந்தது.

பிப்ரவரியில் வாக்குப்பதிவு. எண்ணிக்கை விழுப்புரத்தில். அவருடைய ஏஜெண்டாக நான் மேஜைக்கு எதிரே உட்கார்ந்திருந்தேன். மத்தியானம்வரை இரண்டு பக்கமும் சரிசமமாகத்தான் போய்க்கொண்டிருந்தது. பிறகு அவருடைய ஊர்ப் பக்கத்துப் பெட்டிகளைத் திறந்தார்கள். எண்ணுகிற குமாஸ்தா ஒரு சீட்டைப் பிரித்து, நிறுத்தி, பக்கத்தில் இருந்தவரிடம் காட்டினார்.

"இன்னாய்யா இது, பேங்க் செக்குல கையெழுத்து போடற மாதிரி போட்டுக் கீறாங்க?"

சின்னத்துக்கு நேராக முத்திரை சரியாக விழுந்திருந்தது. அதன் கீழே பென்சிலால் ஒரு பெயர். அடுத்த சீட்டிலும் பெயர். அதற்கடுத்ததிலும். ஒவ்வொரு எழுத்தும் என் மனைவியின் நீலப் பென்சில் எழுத்தின் சாயலில் இருந்தது. யார் எந்தப் பெயர் என்று இங்கே சொல்லமாட்டேன், வாக்கு ரகசியம். ஆனால் ஒரு சீட்டில் பெயர் மிக நீளமாக இருந்தது என்பதை மட்டும் சொல்லாமல் இருக்க முடியவில்லை. கடைசி எழுத்துக்குக் கட்டத்தில் இடம் போதாமல் ஓரத்துக்குப் போய்விட்டிருந்தது.

தேர்தல் அதிகாரி நல்ல மனிதர். புத்தகத்தைத் திறந்து எனக்கு விதியைக் காட்டினார். காட்ட வேண்டிய அவசியமில்லை, எனக்கு அது மனப்பாடம். செல்லாத சீட்டுகள் ஒரு பக்கமாகக் குவிந்தன. எங்கள் வேட்பாளரான அவர் எதிர் மேஜையிலிருந்து எழுந்து வந்து, பார்க்கலாமா என்று அதிகாரியிடம் அனுமதி கேட்டார். அவருடைய உதடு அசைந்தது. எழுத்துக்கூட்டிப் படிக்கிறவரைப் போல ஒவ்வொரு பெயராகப் படித்தார். சண்டை போடுவார் என்று எல்லோரும் காத்திருந்தோம். படித்து முடித்ததும் நிமிர்ந்தார்.

"தள்ளுபடிதாங்க. ரூலு ரூலுதான்" என்றார்.

மாலையில் முடிவு சொன்னார்கள். அவர் தோற்ற வித்தியாசம் அந்தக் குவியலைவிடச் சிறியது.

ஸ்டேஷன் எதிரே ஒரு டீக்கடையில் உட்கார்ந்தோம். நான்தான் பேச்சை எடுத்தேன்.

"நாளைக்கே ஊருக்குப் போய் விஷயத்த சொல்லிடலாங்க. அடுத்த தடவ இந்த மாதிரி ஆகக்கூடாது பாருங்க."

"இன்னா விஷயத்த?"

"பேர் எழுதினதாலதான் போச்சுன்னு."

டீயை ஆற்றிக்கொண்டே இருந்தார். "சொன்னா, அப்பறம் அந்த ஊர்ல ஒருத்தரு பென்சில தொடுவாங்களா?"

"அதுக்காக மறைக்கறதா?"

"மாஸ்டர், அவங்க ஒரே ஒரு தபா என்ன கேக்காம, அவங்களா யோசிச்சி ஒண்ணு செஞ்சிகீறாங்க. அது என்ன கவுத்துட்டது. இத போயி நான் அவங்க கிட்ட சொல்லணுமா? நீங்களும் சொல்லக்கூடாது. அங்க மேசையில குந்திக்கினு இருந்தவங்க யாரும் அந்தப் பக்கம் வரப்போறதில்ல. நமக்குள்ள போவட்டும்."

அன்றே என் எட்டாவது வரியை அவரிடம் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை.

இரண்டு நாள் கழித்து ஊருக்குப் போனோம். துக்க வீட்டுக்கு வருவது போல எல்லோரும் வந்து உட்கார்ந்தார்கள். எதிர்த்தரப்பு ஏதோ சூழ்ச்சி செய்துவிட்டது என்று மாமன் கிழவர் ஏசினார். அவர்கள் பேசப் பேச அவர்கள் செய்த காரியத்தின் நியாயம் எனக்குப் புரிந்தது. முன்பு அவர் பெட்டி தனியாக இருந்தது. அதில் போட்டால் அவருக்குத்தான். இப்போது எல்லாச் சீட்டும் ஒரே பெட்டியில் கலக்கிறதே, எது யாருடையது என்று எப்படித் தெரியும்? முன்பு பால் பவுடர் என்று சொல்லி ரேகையைத் திருடிக்கொண்டு போனது போல இதையும் திருடிவிட்டால்? பெயர் எழுதாத எதையும் கொடுக்காதே என்று ஐந்து வருஷமாக அவரே அல்லவா சொன்னார்? வரிசையில் நிற்கும்போதே ஒருவர் காதில் ஒருவர் சொல்லி முடிவு செய்திருக்கிறார்கள்.

அத்தை அவருக்கு எதிரே வந்து உட்கார்ந்தார்.

"என் பேரு பூரா போட்டேன் தம்பி. ஒரு எழுத்து வுடல. அப்பறமும் எப்பிடி தோத்த? எங்க சீட்ட எவனாச்சும் மாத்திட்டானா?"

"மாத்தல அத்தே. உன் சீட்ட என் கண்ணால பாத்தேன்."

"பாத்தியா?" அத்தையின் முகம் மாறியது. "எழுத்து எப்பிடி இருந்துது?"

"நல்லா இருந்துது. கடைசி எழுத்துதான் கொஞ்சம் வெளிய போயிட்டது."

"எடம் பத்தல. நான் இன்னா பண்றது, ஒவ்வொருத்தனுக்கும் ஒரு பொம்மை போட்டு எடத்த அடச்சி வச்சிக்கீறாங்க."

அத்தையின் பேச்சுக்கு அவர் சிரித்தார். தேர்தல் முடிந்தபிறகு அவர் சிரித்து நான் அப்போதுதான் பார்த்தேன். அதற்குமேல் என்னால் அடக்க முடியவில்லை. பஸ்ஸுக்கு நடந்து வரும்போது எட்டாவது வரியைச் சொல்லிவிட்டேன். ஸ்டென்சிலில் இடம் இருந்ததையும் சொன்னேன், நட்சத்திரங்களையும் சொன்னேன்.

தலை குனிந்தபடி கொஞ்ச தூரம் நடந்தார்.

"ஏன் வுட்டீங்க?"

"எழுதமாட்டாங்கன்னு நெனச்சேன்."

நின்றார். என்னைப் பார்த்தார். "எழுதச் சொல்லிக் குடுத்தவன் நானு. எனக்கே அது தோணல. ஆனா மாஸ்டர், நான் மறந்தது வேற. நீங்க நெனச்சது வேற."

பஸ்ஸில் வேறு வேறு இருக்கைகளில் உட்கார்ந்து வந்தோம். என் நாட்குறிப்பில் அதற்குப்பின், அவர் வழக்கமாக வரும் செவ்வாய்க்கிழமைகளில், வந்ததாகக் குறிப்பில்லை. ஒன்று, இரண்டு, ஐந்து வாரம். ஆறாவது செவ்வாய் படியில் செருப்புச் சத்தம் கேட்டது. நான் நாற்காலியை எடுத்துப் போட்டேன். அவர் அதைக் கவனித்தாரா என்று தெரியாது; உட்கார்ந்து, "ஒரு மனு அடிக்கணும் மாஸ்டர். கீழ எடம் வுடுங்க" என்றார்.

பின்னால் நடந்த ஒன்றை இங்கேயே சொல்லிவிடுகிறேன். 1967-இல் அவருக்குக் கட்சி இடம் கொடுக்கவில்லை. வேறொருவருக்காகச் சேரி சேரியாகச் சுற்றினார். நோட்டீஸில் முதல் வரியாக, சீட்டில் பெயர் எழுதக்கூடாது என்று நான் அடித்துக் கொடுத்தேன். தன் ஊரில் அவர் அதை வாசித்த விதம்: "இந்த தபா புதுசா ஒரு சட்டம் போட்டுக் கீறாங்க." அத்தை உடனே சொன்னாராம்: "பேரே இல்லாத சீட்ட வாங்கிக்கினு இன்னா பண்ணுவாங்களாம்? புத்தியில்லாத சட்டம்." ஆனாலும் கீழ்ப்படிந்தார்கள்.

பாதை விவகாரம் 1964-இல் முடிவை நெருங்கியது. அவர் அப்போது எம்.எல்.ஏ. இல்லை. மெட்ராஸில் கேள்வி கேட்க முடியாது, அதிகாரிகள் எழுந்து நிற்க வேண்டியதில்லை. தாலுகா ஆபீஸ் வராந்தாவில் எல்லோரையும்போல வரிசையில் காத்திருப்பார். அந்த வருஷம் புரட்டாசியில், அறுபதுக்கும் மேற்பட்ட வயதுள்ள ஒருவர் இறந்து மறுபடி வரப்பில் தகராறு ஆயிற்று. ஊரார் மனு எழுதினார்கள். மாதிரித் தாள் இல்லாமல், என் மனைவி உதவி இல்லாமல், ஆணும் பெண்ணும் தங்கள் கையால் பெயர் எழுதினார்கள். நான் மேலே உள்ள விஷயத்தை மட்டும் அடித்துக் கொடுத்தேன்.

தாசில்தார் நேரில் விசாரிக்க வந்தார். ஜீப் சேரிக்குள் போக முடியாமல் சாலையிலேயே நின்றது. மரத்தடியில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, கையில் இருந்த கட்டிலிருந்து இரண்டு காகிதங்களை எடுத்தார். ஒன்று எங்கள் மனு. மற்றது அதற்கு எதிராக வந்தது: பாதை வேண்டாம், வரப்பே போதும் என்று ஊரார் கொடுத்ததாக. கீழே நீலமும் கறுப்புமாக வரிசை வரிசையாக ரேகைகள்.

"ரெண்டு மனு குடுத்திருக்கீங்க. எது உங்களுது?" என்றார்.

நான் எங்கள் பழைய எம்.எல்.ஏ.வைப் பார்த்தேன். அவர் கூட்டத்துக்குப் பின்னால் நின்றிருந்தார். தாசில்தார் அவரைக் கண்டுகொண்டு, "நீங்க சொல்லுங்களேன்" என்றார்.

"நான் இப்ப எம்மெல்லே இல்லீங்க. ஊர்க்காரன்தான். அவங்களையே கேளுங்க."

 1956-இல் பால் பவுடர் என்று சொல்லி ரேகை வாங்கியபோது, மேலே என்ன எழுதியிருக்கிறது என்று கேட்க இதே ஊரில் ஒருவர் இல்லை.  மாமன் கிழவர் எழுந்து முன்னால் போனார். ரேகைக் காகிதத்தை வாங்கித் தூரமாகப் பிடித்து, ஒரு வரியை எழுத்துக்கூட்டிப் படித்தார். திருப்பிக் கொடுத்தார்.

"இது எங்குளுது இல்லீங்க. எங்க ஊர்ல யாரும் வெரல் வைக்கறதில்ல."

"யாருமேவா?"

"யாருமே. வேணும்னா இங்கயே எல்லாரையும் எழுதச் சொல்லிப் பாருங்க. எனக்கே வரும்னா மத்தவங்களுக்கு வராதா?"

தாசில்தார் யோசித்தார். பிறகு வாக்குமூலத்தைத் தன் கையால் எழுதினார்: பாதை வேண்டும், எதிர் மனுவில் உள்ள ரேகை எங்களுடையது அல்ல. எழுதி, உரக்கப் படித்துக் காட்டி, பேனாவை மூடாமல் காகிதத்தை நாற்காலியின் அகலமான கையில் வைத்தார். பேனா வேண்டாம் என்றார்கள். மடியிலிருந்து பென்சில் துண்டுகள் வந்தன. பென்சில் கூடாது, மையால்தான் எழுத வேண்டும் என்று தாசில்தார் சொல்ல, அதற்கு ஒரு விவாதம் நடந்தது. கடைசியில் பேனாவை வாங்கிக்கொண்டார்கள்.

பாதைக்கான உத்தரவு அடுத்த வருஷம் வந்தது. வயல்காரருக்கு நஷ்ட ஈடு கொடுத்து, நான்கு பேர் தோளோடு தோள் நடக்கும் அகலத்துக்கு மண் கொட்டினார்கள். உத்தரவின் நகல் என்னிடம் இருக்கிறது. ஆனால் அதை வாங்கிக் கொடுத்தது அந்த மத்தியானம்தான்.

ஒவ்வொருவராக வந்தார்கள். சிலர் நின்றபடி எழுதினார்கள், சிலர் மண்ணில் உட்கார்ந்து காகிதத்தைக் கீழே வாங்கி வைத்துக்கொண்டு எழுதினார்கள்.  எழுதி முடித்தவர் கையை உதறிக்கொண்டு போனார். வெயில் மரத்தைத் தாண்டிப் போய்விட்டது. டிரைவர் ஜீப்பில் தூங்கிவிட்டார். தாசில்தார் இரண்டு தடவை கடிகாரத்தைப் பார்த்துவிட்டு, பிறகு பார்ப்பதை விட்டுவிட்டார். அத்தையின் முறை வந்தபோது, அவர் பேனாவைப் பிடித்துப் பார்த்து, இப்படியும் அப்படியும் திருப்பி, மெதுவாக முதல் எழுத்தை ஆரம்பித்தார். பின்னால் நின்ற டவாலி, தாசில்தாரின் சேவகர், பொறுமை இழந்தார்.

"ஜல்தி ஆவட்டும்மா. அய்யாவுக்கு இன்னும் ரெண்டு ஊருக்குப் போவணும்."

கூட்டத்துக்குப் பின்னால் நின்றிருந்த அவர் அப்போதுதான் முன்னால் வந்தார். டவாலிக்கும் அத்தைக்கும் நடுவில் நிழல் விழுகிற மாதிரி நின்றுகொண்டார். அத்தை தலை நிமிரவில்லை.

"இருப்பா," என்றார், "இன்னும் பாதி கீது."